ஐந்து கோடுகளின்முன் ஆபிரகாம் பண்டிதர்

முதலிபாளையம் திருப்பூருக்கு அணித்தேயுள்ள ஊர். பின்னலாடைத் தொழிற்சாலைகளும் அவற்றை நம்பி வாழும் குடும்பங்களும் மிகுந்த அவ்வூரினின்று வந்து நம் கல்லூரியில் பயிலும் மாணவரொருவர், சென்ற ஆண்டு ஒருநாள் மாலை சிற்றாலயத்துப் பியானோவின்முன் அமர்ந்து, ஞானப்பாட்டுப் புத்தகத்தைத் திறந்துவைத்துக்கொண்டு, ஐந்து கோடுகளின்மேல் எறும்புகள் ஏறி நிற்பனபோன்ற புள்ளிகளை நெடுநேரம் நோக்கியிருந்தார். அவர் நல்ல குரலுடையவர். ஒருமுறை கேட்ட பாட்டை மறவாதவர். ஆயினும் புள்ளி எது, கட்டை எது, இரண்டிற்குமுள்ள உறவு யாது என்பது அவருக்கு விளங்கவில்லை. சிறுவயதில் தொடங்காதவன் இருபதாம் வயதில் இதனைக் கற்கப் புகுவது பேதைமையாகுமோ என்று அவர் நம்மை வினவினார். அவருக்கு விடையாக நாம் சொல்லத் தொடங்கிய வரலாறே இக்கட்டுரையாயிற்று. மருத்துவத்தால் பெரும்புகழ் எய்தி, குடும்பமும் செல்வமும் நிரம்பப் பெற்றபின்னரும், மாணவனைப்போல் அந்த ஐந்து கோடுகளின்முன் அமர்ந்த தஞ்சை ராவ்சாகிபு ஆபிரகாம் பண்டிதரின் வரலாறு அது.

பண்டிதர் 1859ஆம் ஆண்டு ஆகஸ்டுத் திங்கள் 2ஆம் நாள், தென்காசிக்கு அருகிலுள்ள சாம்பவர்வடகரை என்னும் சிற்றூரில், முத்துசாமி, அன்னம்மாள் என்னும் கிறிஸ்தவப் பெற்றோருக்குப் பிறந்தார். இளமையில் திண்டுக்கல் ஆசிரியப் பயிற்சிப் பள்ளியிற் சேர்ந்து பயின்று, ஆங்கேயே ஆசிரியராகவும் அமர்ந்தார். திண்டுக்கல்லிற்றான் அவருக்கு இசையிற் கண் திறந்தது. சடையாண்டிப் பத்தர் என்பாரிடம் பிடில் கற்றுக்கொண்டார். புகைப்படம் எடுத்தல், அச்சுத்தொழில், சோதிடம் முதலியவற்றையும் அவ்விளமையிலேயே விரும்பிக் கற்றனர் என்பதை நோக்குமிடத்து, எதனையும் கேட்டறிதலோடு அமையாது, கையாற் செய்து பார்த்தாலன்றி அவருடைய மனம் ஆறாது என்பது புலனாகும். மருத்துவமும் அவ்வாறே அவரை வந்தடைந்தது. சுருளிமலையில் கருணானந்தர் என்னும் துறவியைக் கண்டு, அவர்பால் சித்தமருத்துவ முறைகளை உபதேசமாகப் பெற்றார். அக்குருவின் பெயரையே பின்னாளில் தம் மருந்துகளுக்கும் தோட்டத்திற்கும் சூட்டினார்.

1882ஆம் ஆண்டு ஞானவடிவு பொன்னம்மாள் என்னும் பெண்மணியை மணந்து, தஞ்சைக்குக் குடிபெயர்ந்து, கணவனும் மனைவியுமாகப் பெண்கள் பள்ளியொன்றில் ஆசிரியத்தொழில் புரிந்து வந்தனர். சில ஆண்டுகளில் அவ்வேலையைத் துறந்து மருத்துவத்தையே தொழிலாகக் கொண்டார். கருணாநிதி வைத்தியசாலை எழுந்தது. அவருடைய மாத்திரைகள் இந்நாட்டிலும் கடல்கடந்த நாடுகளிலும் விற்பனையாயின. தஞ்சைக்கு வெளியே கருணானந்தபுரம் என்னும் பெருந்தோட்டத்தை உண்டாக்கிக் கரும்பு முதலியவற்றைப் பயிரிட்டார். ஊரார் அதனைப் பண்டிதர் தோட்டம் என்றே வழங்கினர். அந்நாளில் சென்னை ஆளுநராயிருந்த ஸர் ஆர்தர் லாலி அத்தோட்டத்திற்கு வந்து பார்வையிட்டதும், 1909ஆம் ஆண்டு அரசாங்கத்தார் ராவ்சாகிபு பட்டம் அளித்ததும் அவர்தம் வாழ்வின் புறச்சிறப்புகள். இவற்றை விரித்தல் ஈண்டு நம் கருத்தன்று.

தஞ்சை என்பது கருநாடக சங்கீதத்தின் தலைநகரம் என்பதை யாவரும் அறிவர். ஐரோப்பிய சங்கீதத்திற்கும் அந்நகரில் நெடுநாளைய உறவு உண்டென்பதைப் பலர் நினைப்பதில்லை. 1798 முதல் 1832 வரை அரசு வீற்றிருந்த சரபோஜி மன்னர் தம் அரண்மனையில் ஐரோப்பிய வாத்தியக் குழுவொன்றை வைத்திருந்தார். அவர் தொகுத்த மேனாட்டு இசையேடுகள் சரசுவதி மகாலில் இடம்பெற்றன. முத்துசாமி தீட்சிதரின் இளவலாகிய பாலுசாமி தீட்சிதர் ஐரோப்பியரது பிடிலைக் கற்று நம் சங்கீதத்திற்கு உரியதாக்கிக்கொண்டவர். முத்துசாமி தீட்சிதரே சீமை மெட்டுகளுக்கு வடமொழிச் சாகித்தியம் செய்தனர். அவையே இன்று நோட்டுஸ்வரம் என்று குழந்தைகள் பாடுவன. வேதநாயக சாஸ்திரியார் தமிழ்க் கீர்த்தனங்களைச் சபைக்கு அளித்ததும் தஞ்சையிலிருந்தே. ஆகவே பண்டிதர் மேனாட்டு ஸ்வரலிபியைக் கற்கப் புகுந்தது அந்நகரின் மரபுக்குப் புறம்பானதன்று.

எனினும் அவரைத் தூண்டியது புதுமையிலுள்ள ஆசையன்று, ஒரு மனக்குறையேயாம். அந்நாளில் தமிழ்ச்சிறுவன் ஒருவன் சங்கீதம் கற்கத் தொடங்கினால், முதற்கீதம் முதலாக அவன் வாயில் நுழைவன பெரும்பாலும் தெலுங்கு, கன்னட, வடமொழிச் சொற்களே. பொருள் அறியாது ஒலியை மட்டும் மனப்பாடம் செய்தல்வேண்டும். இஃது ஒன்று. மற்றொன்று இதனினும் பெரிது. குருவின் வாயினின்று சீடன் செவிக்குச் செல்லும் வழியொன்றே இருந்தமையால், குரு மனம் வைத்தாலன்றிக் கல்வி வராது. மனம் வையாது இறப்பின் கல்வியும் அவரோடு இறந்துபோம். ஏடுகளில் ச ரி க ம என்று எழுதிவைத்திருந்தனரெனினும், அவை முன்னரே பாட்டை அறிந்தவனுக்கு நினைவூட்டுவனவேயன்றி, அறியாதவனுக்குக் கற்பிப்பன அல்ல. முதற்குறையைத் தீர்க்கப் பண்டிதர் தாமே தமிழிற் கீதங்களும் ஸ்வரஜதிகளும் கீர்த்தனங்களும் இயற்றி, 1907ஆம் ஆண்டு கருணாமிர்தசாகரத் திரட்டு என்னும் பெயரால் வெளியிட்டனர். இரண்டாவதைத் தீர்க்கவே ஐந்து கோடுகளை நாடினர்.

அவருக்கு முன்னும் இவ்வழியே சென்றவர் ஒருவர் உளர். சென்னையில் அரசாங்க அலுவல் பார்த்த ஏ. எம். சின்னசாமி முதலியார் என்னும் கத்தோலிக்கப் பெரியார், தியாகராஜ சுவாமிகளின் கீர்த்தனங்கள் அழிந்துபோகுமே என்று அஞ்சி, சுவாமிகளின் சீடபரம்பரையினர் பாடக் கேட்டு, 1892ஆம் ஆண்டு முதல் ஐரோப்பிய ஸ்வரலிபியிற் பகுதி பகுதியாக அச்சிட்டு வந்தார். பொருளும் கண்ணொளியும் அவ்வுழைப்பிற் கரைந்தன. இறுதியில் அவர் எட்டயபுரஞ் சென்று, பாலுசாமி தீட்சிதர் மரபினராகிய சுப்பராம தீட்சிதரைக் கொண்டு பழைய கிருதிகளை வெளியிடுமாறு அரசரை வேண்டினர். அவ்வேண்டுகோளின் பயனாக 1904ஆம் ஆண்டு வெளிவந்ததே சங்கீத ஸம்பிரதாய பிரதர்சினி என்னும் பெருநூல். அந்நூல் ஐந்து கோடுகளைக் கைக்கொள்ளவில்லை. ஸ்வர எழுத்துகளையே வைத்து, கமகங்களுக்கெனத் தனித்தனிக் குறிகளை அமைத்துக்கொண்டது. இவ்வேற்றுமை பின்னர் நமக்குப் பயன்படும்.

பண்டிதருக்கு மேனாட்டு இசை கற்பித்தவர் தஞ்சை ஏ. ஜி. பிச்சைமுத்து பிள்ளை. பிடில் வாசிக்கவல்லவரும், இராகங்களை ஆராய்ந்து பாடவல்லவருமாகிய ஒருவர், புள்ளி எந்தக் கோட்டில் நிற்கிறது என்று எண்ணத் தொடங்குவது எளிதன்று. ஏதுமறியாத சிறுவனுக்குக் கற்க வேண்டியது மட்டும் உண்டு. கற்றறிந்தவனுக்கோ மறக்க வேண்டியதும் உண்டு. எதனை மறக்கவேண்டும் என்பதை முதலிபாளையத்து மாணவருக்கு நாம் விளக்கியவாறே இங்கும் விளக்குவோம்.

நம் செவிக்குச் சட்ஜம் என்பது பாடுவோன் எங்கே நிலைநிறுத்துகின்றானோ அங்கேயிருப்பது. ஒருவர் ஒரு கட்டையிற் பாடுவர். பெண்மக்கள் ஐந்து கட்டையிற் பாடுவர். இருவருக்கும் அது ச என்றே பெயர்பெறும். மேனாட்டாரின் ஸி என்னும் எழுத்தோ தனக்குரிய கட்டையை விட்டு அகலாது. நாம் ஒரு கட்டை சுருதி என்பதே அவர்களுடைய ஸி. ஐந்து கட்டை என்பதே அவர்களுடைய ஜி. ஒன்றரைக் கட்டை என்பது இவ்வொன்றுக்கும் இரண்டுக்கும் இடையிலுள்ள கருங்கட்டை. ஆகவே ஆர்மோனியப் பெட்டியில் சுருதி வைக்கத் தெரிந்த எவனும் பியானோவின் எழுத்துகளைப் பாதி அறிந்தவனே. அறியாதது, அவ்வெழுத்துகளை ஸரிகமபதநி என்று உடனே மொழிபெயர்த்துவிடலாகாது என்பது. பாட்டின் சட்ஜம் ஸியில் நின்றால் மொழிபெயர்ப்புச் சரியாகும். அஃது எப் என்னும் கட்டைக்குப் பெயர்ந்த அளவில் யாவும் பிழைபடும். மிஷன் பள்ளிகளில் முற்காலத்தே பெரிதும் வழங்கிய கர்வன் என்பாரின் டானிக் ஸோல்பா முறை, சட்ஜத்தைப் பெயரவிடுவதனாலேயே நம்மவர்க்கு எளிதாயிருந்தது. ஐந்து கோட்டு முறை அத்தயவைச் செய்வதில்லை.

பியானோவில் 88 கட்டைகள் உண்டு; வெள்ளை 52, கறுப்பு 36. கருங்கட்டைகள் இரண்டும் மூன்றுமாக மாறிமாறிக் கூடி நிற்கும். இரண்டாக நிற்பவற்றிற்கு இடப்புறத்தில் ஒட்டிய வெள்ளைக்கட்டை எங்கும் ஸியேயாம். இதனைக் கண்கள் பழகிவிட்டால் பெட்டி முழுவதும் ஏழெழுத்துகளாகச் சுருங்கிவிடும். இனித் தாளைப் பார்ப்போம். கோடு ஒன்று, இடைவெளி ஒன்று, மீண்டும் கோடு ஒன்று என ஏறிச்செல்லும் ஒவ்வொரு படியும் ஒரு வெள்ளைக்கட்டை. மேற்றொகுதியின் தொடக்கத்திலுள்ள சுருட்குறி, அடியிலிருந்து இரண்டாம் கோட்டைச் சுற்றிக்கொண்டு, இஃது ஜி என்று காட்டும். கீழ்த்தொகுதியின் குறியிலுள்ள இரு புள்ளிகள் நான்காம் கோட்டை நடுவில் வைத்துக்கொண்டு, இஃது எப் என்று காட்டும். இரு தொகுதிகளுக்கும் இடையே, தனக்கெனக் குறுங்கோடொன்று பெற்றுத் தனித்து நிற்பது நடு ஸி. இந்த மூன்றையும் ஊர் அடையாளங்களாகக் கொண்டால் ஏனையவற்றைப் படியெண்ணி அடையலாம். எண்ணுதல் நாட்பட நாட்பட நீங்கி, உருவத்தைக் கண்ட அளவிலே விரல் செல்லும். காலத்தை நாம் அட்சரங்களாற் கணக்கிடுவோம்; அவர்களோ புள்ளியின் வடிவத்திலேயே வைத்துவிட்டனர். உள் வெறுமையாயுள்ளது நெடியது. நிரம்பிக் காம்புடையது அதனிற் குறியது. காம்பிற் கொடி பெற்றது இன்னுங் குறியது.

மாணவர் இவற்றை ஆறு வாரங்களிற் கடந்தார். இடக்கையும் வலக்கையும் வெவ்வேறு கோடுகளை ஒரே சமயத்திற் படிக்கவேண்டிய இடத்தில் மட்டும் இன்னும் இடறுகின்றார். அதில் நாமும் இடறுகின்றோம்.

பண்டிதர் கற்றபின் தம் பாடல்களையும் பிறவற்றையும் ஐந்து கோடுகளில் எழுதுவித்தார். நம் சங்கீதம் உலகத்தார் எவரும் படித்தறியும்படி இவ்வெழுத்தில் வரவேண்டும் என்பது அவருடைய உறுதியான கொள்கை. இக்கொள்கையில் நாம் அவரோடு முழுதும் உடன்படோம். ஐந்து கோடுகள் ஸ்வரம் நிற்கும் இடத்தைக் காட்டுவனவேயன்றி, ஓரிடத்தினின்று மற்றோரிடத்திற்குச் செல்லும் வழியைக் காட்டமாட்டா. தோடியின் காந்தாரத்தைப் புள்ளியாக இட்டுப் பியானோவில் தட்டினால், தோடி அங்கே இராது. அசைந்து அசைந்து நிற்பதே அதன் உயிர். சுப்பராம தீட்சிதர் கமகக் குறிகளுக்காக அத்துணைப் பாடுபட்டது இதனாலேயே. நம் வித்துவான்கள் இன்றளவும் ஸரிகம எழுத்துகளையே கைக்கொண்டிருப்பதற்கும் இதுவே முதற்காரணம் என்று எண்ணுகின்றோம். ஆயினும், ஒன்றுமே எழுதாது விடுத்து யாவும் அழியக் கண்டதைவிட, எலும்புக்கூடாயினும் எழுதிவைத்தல் நன்று என்று முதலியாரும் பண்டிதரும் எண்ணியதைப் பிழையென எவர் சொல்லவல்லார்?

எழுதப் புகுந்ததன் விளைவு, அவர் எதிர்பார்த்திராத வேறொரு பக்கம் அவரைக் கொண்டுசென்றது என்பது நம் கருத்து. பாடுவோன் தன் செவிக்கு இன்பமாகப் பாடிவிட்டுப் போகலாம். எழுதுவோனுக்கு அஃது இயலாது. ஒரு ஸ்தாயியில் எத்தனை இடங்கள் உள என்பதை அவன் அறுதியிட்டே தீரவேண்டும். பியானோ பன்னிரண்டு என்கிறது. சார்ங்கதேவரின் சங்கீத ரத்னாகரம் சுருதிகள் இருபத்திரண்டு என்கிறது. பன்னிரண்டை எவ்வாறு பகுத்தாலும் இருபத்திரண்டு வாராது. இவற்றுள் எது மெய் என்னும் கேள்வி பண்டிதரைப் பற்றிக்கொண்டு, இறக்குமளவும் விடவில்லை.

1912ஆம் ஆண்டு அவர் தஞ்சையில் சங்கீத வித்தியா மகாஜன சங்கத்தை நிறுவி, வித்துவான்களை வரவழைத்து மகாநாடுகளைக் கூட்டினார். செலவு அவருடையது. சுருதியைப்பற்றிய வாதம் ஒவ்வொரு கூட்டத்திலும் எழுந்தது. 1916ஆம் ஆண்டு பரோடாவில், கெயிக்வார் மன்னரின் ஆதரவிலும் பட்கண்டே அவர்களின் முயற்சியிலும் அகில இந்திய சங்கீத மகாநாடு கூடியபோது, பண்டிதர் தம் குடும்பத்துப் பெண்மணிகளோடு அங்குச் சென்றார். தேவல், கிளெமெண்ட்ஸ் என்னும் இருவர் இருபத்திரண்டு சுருதிகளே உண்மையெனக் கொண்டு, அதற்கேற்ப ஆர்மோனியமும் செய்வித்திருந்த காலம் அது. பண்டிதர் தம் கணக்கை எடுத்துரைக்க, பெண்மணிகள் வீணையில் வாசித்துக்காட்டினர். மருத்துவராகிய ஒரு தமிழர், வடநாட்டு அறிஞர் சபையில், தம் வீட்டுப் பெண்களின் விரல்களைச் சாட்சியாக வைத்து வாதாடியது அக்காலத்தில் சிறு செயலன்று.

அவர் கணக்கின் சாரம் இது. சட்ஜத்தினின்று பஞ்சமம், அப்பஞ்சமத்தைச் சட்ஜமாகக் கொண்டு மீண்டும் பஞ்சமம் எனப் பன்னிரண்டு முறை சென்றால் தொடங்கிய ஸ்வரத்திலேயே வந்து முடியவேண்டும். பஞ்சமத்தை ஒன்றரை மடங்கு என்று துல்லியமாக வைத்தால் முடிவதில்லை, சிறிது மிஞ்சிவிடும். ஸ்தாயியைப் பன்னிரண்டு ஒத்த பங்குகளாகப் பகுத்து, ஒவ்வொரு படியும் 1.05946 மடங்கு என்று வைத்தால் மிச்சமின்றி முடியும். பியானோவில் இதனைக் கையாலேயே காணலாம். இடக்கோடியிலுள்ள முதல் ஸியினின்று ஏழேழு கட்டைகளாகப் பன்னிரண்டு முறை தாவுக. 84 கட்டைகள் கடந்து, வலக்கோடியிலுள்ள கடைசி ஸியில் விரல் நிற்கும். அதுவே ஏழு ஸ்தாயி.

இக்கணக்கை அவர் மேனாட்டாரிடமிருந்து பெற்றதாகச் சொல்லவில்லை. சிலப்பதிகாரத்திலும் அதன் உரைகளிலும் பன்னிரண்டு இராசிகளைக்கொண்டு சொல்லப்படும் ஆயப்பாலையே இஃதென்றும், அதனை இரட்டித்த 24 வட்டப்பாலையென்றும், 48 திரிகோணப்பாலையென்றும், 96 சதுரப்பாலையென்றும் வகுத்தார். ஆனால் பழந்தமிழ் நூல்வழக்கும் குரல் 4, துத்தம் 4, கைக்கிளை 3, உழை 2, இளி 4, விளரி 3, தாரம் 2 என்று 22 அலகே கூறுகின்றதே எனின், கைக்கிளையிலும் விளரியிலும் ஒவ்வோர் அலகு குறைத்துப் பாடுதல் மரபாதலால் அவ்வாறாயிற்றென்றும், குறையாத தொகை 24 என்றும் விடையிறுத்தார். இதனைப் படித்தபோது எமக்குப் பியானோவே கண்முன் வந்தது. அடுத்தடுத்த வெள்ளைக்கட்டைகளுக்கு நடுவே, ஒரு ஸ்தாயியில், கருங்கட்டை உள்ள இடங்கள் ஐந்து. இல்லாத இடங்கள் இரண்டு. முன்னவற்றிற்கு நான்கு நான்காகவும் பின்னவற்றிற்கு இரண்டிரண்டாகவும் அலகு வைத்தால் தொகை 24. பண்டிதரின் திருத்திய எண்களும் ஐந்து நான்குகளும் இரண்டு இரண்டுகளுமே. ஐந்து கோடுகளிற் பழகிய கண் பழைய உரையைப் படித்தது என்பதற்கு இதனினும் வேறு சான்று வேண்டுமோ?

இவையெல்லாம் 1917ஆம் ஆண்டு கருணாமிர்தசாகரம் என்னும் பெருநூலாக வெளிவந்தன. ஆயிரத்து முந்நூறு பக்கங்களுக்கு மேற்பட்டது அது. அச்சிடுவதற்கென்றே தஞ்சையில் லாலி பெயரால் மின்சார அச்சுக்கூடமொன்றையும் அவர் நிறுவியிருந்தார். நூலின் தொடக்கத்தில் கடல்கொண்ட லெமூரியாவைப்பற்றி அவர் எழுதியுள்ளவற்றை இக்காலத்து நிலவியலார் ஒப்பமாட்டார்கள். சுருதிக் கணக்கும் முடிவாக ஏற்றுக்கொள்ளப்பட்டதன்று. 1947ஆம் ஆண்டு விபுலானந்த அடிகள் வெளியிட்ட யாழ்நூல் இருபத்திரண்டையே நிலைநாட்டிற்று. இக்காலத்தே கருவிகளைக்கொண்டு அளந்து பார்த்தோர், வித்துவான்களின் குரல் பன்னிரண்டிலும் நில்லாது, இருபத்திரண்டிலும் நில்லாது, இராகத்திற்கேற்ப அசைவதையே காண்கின்றனர். ஆயினும் சிலப்பதிகாரத்து இசைப்பகுதிகளைப் புலவர்கள் பொருள் காணவியலாதென ஒதுக்கிவந்த நாளில், அவை கணக்கிட்டுப் பார்க்கத்தக்க மெய்ந்நூல் என்று எடுத்துக்காட்டியவர் பண்டிதரே. பின்வந்தோர் அவரை மறுத்ததும் அவர் திறந்த வாயிலின் வழியே உட்புகுந்தேயாம்.

நூல் வெளிவந்த இரண்டு ஆண்டுகளில், 1919ஆம் ஆண்டு ஆகஸ்டுத் திங்கள் 31ஆம் நாள், பண்டிதர் தஞ்சையிற் காலமானார். அவர் விட்டுச்சென்ற இரண்டாம் பகுதியின் கையெழுத்துப் படிகளை, அவர் மகளார் மரகதவல்லி துரைபாண்டியன் அம்மையார் 1946ஆம் ஆண்டு பதிப்பித்தார். யாழ்நூல் வெளிவந்த மூன்றாம் ஆண்டில், அதனை மறுத்துப் பாணர் கைவழி என்னும் யாழ்நூலை எழுதி வெளியிட்டவர் ஆ. அ. வரகுணபாண்டியன், அவர் பண்டிதரின் மகன்.